என் காலைப் படம் எடுக்காதவள்

அவள் பெயரை எழுதமாட்டேன். ஏற்கெனவே வேண்டிய மட்டும் பேர் வாங்கிவிட்டாள். என் பங்குக்கு நானும் எழுதிச் சேர்த்துக்கொடுக்க வேண்டிய அவசியமில்லை. கபடிக்காரி என்றால் எங்கள் பக்கத்துப் பழைய ஆட்களுக்குத் தெரியும். கேமராக்காரி என்றால் இன்றைக்குப் போனில் கபடி பார்க்கிற எல்லோருக்கும் தெரியும். இரண்டுமாக இருந்தவள் அவள் ஒருத்திதான். நான் கபடியோடு நிறுத்திக்கொண்டேன். அதில் அவளைவிட நான் கெட்டிக்காரி. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் வேறு யாரும் சொல்லப்போவதில்லை.

நான் பாரிவாக்கம், அவள் சென்னீர்குப்பம். ஹைவேயை ஒட்டி ஒரு காலி மனையில் எங்கள் பெண்கள் அணி பயிற்சி எடுத்தது. நான் ரைடர். மூச்சைப் பிடித்துக் கபடி கபடி என்று பாடிக்கொண்டே எதிரணிப் பக்கம் போய், யாரையாவது தொட்டுவிட்டுத் திரும்புகிறவள். அவள் கார்னர். தன் பக்கத்து மூலையில் குனிந்து நின்று, பாடி வருகிறவளின் கணுக்காலைப் பிடிக்கிறவள். ரைடருக்குக் கைதட்டு கிடைக்கும். கார்னருக்கு முழங்கையில் தோல் போகும். அந்தக் கணக்குப்படி பார்த்தால் அவள்தான் என்னைப் பார்த்துப் பொறாமைப்பட்டிருக்க வேண்டும்.

அவளுடைய முகம் இன்னும் நினைவிருக்கிறது என்றாலும், அவள் என் முகத்தைப் பார்த்ததாக அதிகம் நினைவில்லை. யாரோடு பேசினாலும் அவள் கண் தரையில்தான் இருக்கும். வெட்கம் என்று புதிதாகப் பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். வெட்கமும் இல்லை, மரியாதையும் இல்லை. காலைப் பார்த்துக்கொண்டிருப்பாள். நின்ற இடத்தில் எதிராளி எந்தக் காலில் எடையைப் போட்டிருக்கிறார், எந்த விரல் தரையை அழுத்துகிறது என்று பார்ப்பாள். வாயில் எப்போதும் வேர்க்கடலை இருக்கும். யாராவது கோபமாகவோ சோகமாகவோ முகத்தை வைத்துக்கொண்டு வந்தால், "மூஞ்சிய வுடு, கால காட்டு" என்பாள். கேட்டவர்களுக்குச் சிரிப்பு வந்துவிடும்.

பூந்தமல்லியிலிருந்து அம்பத்தூருக்கு பஸ்ஸில் போட்டிக்குப் போவோம். உட்கார இடம் கிடைக்காது. அவள் உள்ளே ஏறியதும் குனிந்து, சீட்டுகளுக்குக் கீழே ஒருமுறை பார்வையை ஓட்டுவாள். "அந்த நீல செருப்பு எறங்கப் போவுது" என்று சொல்லி அந்த சீட்டின் பக்கத்தில் போய் நின்றுகொள்வாள். அடுத்த ஸ்டாப்பில் நீலச் செருப்பு எழுந்து இறங்கும். எப்படி என்று எங்களுக்குப் பயிற்சி கொடுத்த மாஸ்டர் ஒருநாள் கேட்டார். இறங்கப் போகிறவர் செருப்பை முழுசாகப் போட்டுக்கொள்வார், இறங்காதவர் பாதி கழற்றி வைத்திருப்பார் என்றாள். மாஸ்டர் எங்கள் எல்லோரையும் திரும்பிப் பார்த்து, கண் என்றால் இதுதான் கண் என்றார். மறுவாரம் நானும் ஒரு சிவப்புச் செருப்பைத் தேர்ந்தெடுத்து அதன் பக்கத்தில் நின்றேன். அந்த அம்மாள் கடைசி ஸ்டாப்பான அம்பத்தூர் ஓ.டி. வரைக்கும் அசையவில்லை. இவள் உட்கார்ந்த இடத்திலிருந்து கடலையை உரித்துக்கொண்டே என் காலைப் பார்த்துச் சிரித்தாள்.

மாஸ்டருக்கு அவள்மேல் தனிப் பிரியம். எங்கள் வீட்டிலும் அப்படித்தான். அம்மா மீன் குழம்பு வைத்தால், "அந்தப் பொண்ண கூட்டிகினு வா" என்று என்னிடமே சொல்லி அனுப்புவாள். பெற்ற பெண்ணுக்கு வால் துண்டு, வந்த பெண்ணுக்கு நடுத்துண்டு. அவள் கூச்சமே படாமல் இரண்டாவது தடவையும் கேட்டு வாங்கிச் சாப்பிடுவாள். எனக்குத் தொண்டையில் முள் நிற்கும்.

இதையெல்லாம் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்க முடியாதது பயிற்சியில் நடந்ததுதான். வெளி அணிகளோடு ஆடும்போது என்னைப் பிடிப்பது லேசான காரியம் இல்லை. வலது பக்கம் போவதுபோல் காட்டி இடது பக்கம் போவேன், இடது பக்கம் காட்டி வலது பக்கம் பாய்வேன். ஆவடி, திருவள்ளூர் என்று எங்கே போனாலும் என்னைப் பார்த்தால் கார்னர்கள் ஒரு அடி பின்னால் போவார்கள். ஆனால் எங்களுக்குள் இரண்டாகப் பிரிந்து ஆடும் பயிற்சியில் மட்டும் அவள் என்னைப் பிடித்துவிடுவாள். வலது பக்கம் நான் திரும்புவதற்கு முன்பே அவள் கை அங்கே இருக்கும். கணுக்காலைப் பிடித்தபடி மண்ணில் கிடந்து, மேலே பார்க்காமலே, "இன்னாடி, கெளம்பிட்டியா" என்பாள். எப்படிப் பிடிக்கிறாள் என்று பலமுறை கேட்டேன். "சும்மா, தோணுச்சு" என்பாள். சும்மா யாருக்கும் தோன்றாது என்பது எனக்குத் தெரியும். அவளிடம் கெஞ்ச எனக்கு மனம் இல்லை.

கேமரா அவள் கைக்கு வந்தது மஞ்சள் நீராட்டு விழாக்கள் மூலமாக. பூந்தமல்லியில் கல்யாண வீடியோ எடுக்கும் ஒரு ஸ்டுடியோ இருந்தது. பெண்கள் கூடும் சடங்குகளில் ஆம்பளை கேமராமேன் வேண்டாம் என்று சில வீடுகளில் சொல்ல ஆரம்பித்ததும், ஸ்டுடியோக்காரர் இவளுக்குக் கேமராவைப் பிடிக்கக் கற்றுக்கொடுத்தார். தோளில் வைத்துப் பிடிக்கிற பெரிய கேமரா. மூலையில் குனிந்து நின்று பழகியவளுக்கு அது ஒரு சுமையே இல்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் சடங்கு எதுவும் இல்லாவிட்டால், அவரைக் கெஞ்சிக் கூத்தாடிக் கேமராவை மைதானத்துக்குத் தூக்கிக்கொண்டு வந்துவிடுவாள்.

முதல் தடவை எல்லோரும் எடுக்கிறபடி எடுத்தாள். ஒரு நாற்காலியில் ஏறி நின்று மைதானம் முழுவதும் தெரிகிற மாதிரி. ஸ்டுடியோ டிவியில் போட்டுப் பார்த்தால் மண்ணும் தலைகளும்தான் தெரிந்தன. நாங்கள் எல்லோரும் இது நானு, இது நீ என்று குதித்தோம். அவள் மட்டும் கடலையை மெல்லுவதை நிறுத்திவிட்டு உட்கார்ந்திருந்தாள். இது கல்யாணப் பந்தி மாதிரி இருக்கிறது, கபடி மாதிரி இல்லை என்றாள்.

அடுத்த முறை ஓர் அரிசிச் சாக்கில் மணலை நிரப்பிக் கொண்டுவந்தாள். கோட்டுக்கு வெளியே சாக்கைப் போட்டு, அதன்மேல் கேமராவை வைத்து, துணிக்கடைப் பையைக் கிழித்து அதற்குச் சுற்றிவிட்டு, மண்ணில் குப்புறப் படுத்துக்கொண்டாள். வேடிக்கை பார்க்க வந்தவர்கள் ஆட்டத்தை விட்டுவிட்டு அவளைப் பார்த்தார்கள். ஆனால் டேப்பை டிவியில் போட்டபோது நாங்கள் திரைக்குப் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தோம். திரை முழுவதும் கால்கள். கட்டைவிரல் மண்ணை அழுத்துவது, பாதம் திரும்புவது, ஒரு கை எங்கிருந்தோ வந்து கணுக்காலைப் பிடிப்பது, புழுதி. ஆடுகிற எங்களுக்கே எங்கள் ஆட்டம் அன்றைக்குத்தான் தெரிந்தது. நல்லதை நல்லது என்று சொல்லத்தான் வேண்டும். சொல்லிவிட்டேன்.

கபடியில் ஆட்டம் இழந்தவள் வெளியே உட்கார்ந்திருக்க வேண்டும், தன் அணி ஒரு புள்ளி எடுத்ததும் திரும்ப உள்ளே போகலாம். எங்களுக்கெல்லாம் அது அவமானமான நேரம். அவளுக்கு அதுதான் வேலை நேரம். அவுட் ஆனதும் நேராகச் சாக்குக்கு ஓடிப் படுத்துக்கொள்வாள். கூப்பிட்டதும் கேமராவை ஓடவிட்டபடியே எழுந்து மூலைக்குப் போய் நிற்பாள். படம் எடுப்பதற்காகவே அவுட் ஆகிறாள் என்று கேப்டன் ஒருநாள் திட்டியதுகூட உண்டு.

உள்ளூர் கேபிளில் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவளுடைய டேப்புகளைப் போட ஆரம்பித்தார்கள். எங்கள் தெருவே பார்த்தது. என் அப்பா அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் ஓட்டியவர், பெண் கபடி ஆடுவதைப் பற்றி நல்லதாகவோ கெட்டதாகவோ ஒரு வார்த்தை பேசாதவர். அவர் டிவி முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் என்னிடம் திரும்பி, "அந்தக் கறுப்புக் கயிறு கட்டன காலு யாருதும்மா? இன்னாமா ஆடுது" என்றார். அது கேப்டனின் கால். கேப்டன் எனக்கு அடுத்தபடியான ரைடர்தான். அதை அப்பாவிடம் விளக்காமல் எழுந்து போய்ப் பாத்திரம் துலக்கினேன்.

விஷயம் இதுதான். அந்தக் கேபிளில் எல்லோருடைய காலும் வந்தது. என் கால் வரவில்லை. நான் பாடிப் போகும்போதெல்லாம் கேமரா மேலே ஏறிவிடும். திரையில் என் முகம்தான் இருக்கும். கபடி கபடி என்று பாடுகிற முகம் எப்படி இருக்கும் என்று ஆடினவர்களுக்குத் தெரியும். வாய் கோணி, கண் பிதுங்கி, மூக்கு விடைத்து. மற்றவர்களுக்குக் கலை, எனக்கு மட்டும் கோரம். அவள் ஆடப் போகும்போதாவது சாக்கின் மேலிருக்கும் கேமரா என் காலைப் பிடிக்கும் என்று பார்த்தால், அதுவும் இல்லை. உள்ளே போகுமுன் கேமராவை எங்கள் பக்கத்து மூலைக்கு, அதாவது தான் நிற்கப் போகும் மூலைக்கு, திருப்பி வைத்துவிட்டுத்தான் போவாள். நான் எதிர்ப்பக்கத்தில் புள்ளி எடுத்துக்கொண்டிருப்பேன். கேமரா அவளுடைய காலை எடுத்துக்கொண்டிருக்கும். இவ்வளவு தற்பெருமை பிடித்தவளை நான் பார்த்ததில்லை என்று அம்மாவிடம் சொன்னேன். அம்மா, அவளை நாளைக்குச் சாப்பிடக் கூப்பிட்டிருக்கிறேன் என்றாள்.

ஒரே ஒரு டேப்பில் என் கால் இருந்தது. முதன்முதலில் சாக்கு வைத்து எடுத்த அந்த டேப். அதை நாங்கள் எல்லோரும் ஒரே ஒரு தடவைதான் பார்த்தோம், அதுவும் பாதியில் நின்றுபோனது. காரணம் சாந்தி.

சாந்தி எங்கள் மூன்றாவது ரைடர். டேப் ஓடிக்கொண்டிருக்கும்போது மாஸ்டர் திடீரென்று நிறுத்தச் சொல்லி, சாந்தியின் காலைக் காட்டினார். பாய்வதற்கு முன்னால் அவள் கட்டைவிரலால் மண்ணை ஒரு கீறு கீறுகிறாள். திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தோம். ஒவ்வொரு தடவையும் கீறுகிறாள். அவளுக்கே அது தெரியாது. இதை எதிரணிக்காரி கவனித்தால் உன் கதை முடிந்தது, நாளையிலிருந்து கீறாதே என்றார் மாஸ்டர். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். மறுநாள் சாந்தி பாடிப் போனாள். கண் தன் கட்டைவிரலிலேயே இருந்தது. பாதியில் பாட்டு நின்றுபோயிற்று. பாட்டு நின்றால் அவுட். அதற்கடுத்த நாளும் அப்படியே. விரலை நினைத்தால் பாட்டு வரவில்லை, பாட்டைப் பாடினால் விரல் கீறியது. நடக்கும்போதுகூட விரலைப் பார்த்து நடக்க ஆரம்பித்தாள். அந்த சீசன் முடிவதற்குள் ஆட்டத்துக்கு வருவதையே விட்டுவிட்டாள். இவள் ஒரு வாரம் சாக்கை எடுத்துக்கொண்டு வரவில்லை. "சொல்லாம வுட்டிருக்கலாம் மாஸ்டர்" என்று மட்டும் ஒருதடவை சொன்னது என் காதில் விழுந்தது.

அந்த டேப்பிலிருந்து என் பாகத்தையாவது இன்னொரு தடவை பார்க்கலாம் என்று ஸ்டுடியோவுக்குப் போய்க் கேட்டேன். அது இல்லை என்றாள். டேப் தட்டுப்பாடு, அதன்மேலேயே ஒரு சீமந்தத்தை எடுத்துவிட்டேன் என்றாள். போட்டுக் காட்டினாள். யாரோ ஒரு கர்ப்பிணிப் பெண் கை நிறைய வளையலோடு உட்கார்ந்திருந்தாள். என் கால் இருந்த இடத்தில் சந்தனம் பூசிக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெண்மேல்கூட எனக்குக் கோபம் வந்தது.

என் கல்யாணத்தையும் அவள்தான் எடுத்தாள். வேறு ஆளை வைக்கச் சொல்லி நான் அழுதேன், அம்மா கேட்கவில்லை. நலங்கு, முகூர்த்தம் எல்லாம் குறையில்லை. அம்மி மிதிக்கிற நேரம் வந்தது. என் வீட்டுக்காரர் குனிந்து என் காலைத் தூக்கி அம்மியில் வைத்து மெட்டி போடுகிறார். உலகத்தில் எந்தக் கேமராக்காரனும் அந்த இடத்தில் காலைத்தான் எடுப்பான். கேசட் வந்ததும் சொந்தக்காரர்கள் எல்லோரும் கூடி உட்கார்ந்து பார்த்தோம். என் வீட்டுக்காரர் குனிகிறார். கேமரா மேலே ஏறுகிறது. திரை முழுக்க என் முகம், நெற்றிச்சுட்டி கோணிக்கொண்டு. மெட்டி போட்டார்களா இல்லையா என்றே தெரியவில்லை. மாமியார் என்னைப் பார்த்தார், நான் சுவரைப் பார்த்தேன். வேண்டுமென்று செய்கிறாள் என்று அன்றைக்கு முடிவு கட்டினேன். என்னிடம் இருப்பதில் அவளிடம் இல்லாதது ஒன்றே ஒன்றுதான், என் கால். அதை யாரும் பார்த்துவிடக் கூடாது என்று நினைக்கிறாள்.

இப்படி முடிவு கட்ட எனக்கு அதற்கு முன்பே ஒரு காரணம் இருந்தது. கல்யாணத்துக்கு நாலைந்து வருஷம் முந்தி, சென்னை அணிகளும் சேர்ந்து ஆடிய ஒரு பெரிய போட்டி மாவட்ட அளவில் நடந்தது. அதில் நன்றாக ஆடினால் உடற்கல்விக் கல்லூரியில் விளையாட்டு ஒதுக்கீட்டில் இடம் கிடைக்கும் என்று மாஸ்டர் சொல்லியிருந்தார். அந்த இடம் எனக்கு வேண்டும். அது இல்லாவிட்டால் எஸ்டேட்டில் ஏதாவது ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலை என்று வீட்டில் பேசி வைத்திருந்தார்கள். இறுதி ஆட்டத்தில் எதிரணி சிட்டிக்காரிகள். ஆட்டம் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே எங்களுக்கு விஷயம் புரிந்துவிட்டது. கேப்டன் எந்தப் பக்கம் திரும்புவாள் என்று அவர்களுக்கு முன்கூட்டியே தெரிந்திருந்தது. கறுப்புக் கயிறு கட்டிய அந்தப் புகழ்பெற்ற கால் போகிற இடத்திலெல்லாம் ஒரு கை காத்திருந்தது. மற்றவர்களுக்கும் அதே கதி. அப்புறம்தான் தெரிந்தது, அவர்கள் பூந்தமல்லிக்கு வந்து ஸ்டுடியோக்காரரிடம் கபடி டேப்புகளை நகல் போட்டு வாங்கிக்கொண்டு போயிருக்கிறார்கள். உட்கார்ந்து படித்துவிட்டு வந்திருக்கிறார்கள்.

தோற்றுப்போனோம். ஆனால் என்னை மட்டும் அவர்களால் பிடிக்க முடியவில்லை. எங்கள் அணி எடுத்த புள்ளிகளில் பெரும்பகுதி நான் எடுத்தது. சிறந்த ரைடர் கோப்பை எனக்குத்தான் வந்தது. அந்தக் கோப்பையைக் காட்டித்தான் கல்லூரியில் சேர்ந்தேன், அந்தப் படிப்பை வைத்துத்தான் இன்றைக்கு முகப்பேரில் ஒரு தனியார் பள்ளியில் பி.டி. மிஸ்ஸாக இருக்கிறேன்.

ஆட்டம் முடிந்ததும் கேப்டன் அவள்மேல் பாய்ந்தாள். "கூடவே இருந்துகினு குழி பறிச்சிட்டியேடி. ஊரு பூரா எங்க கால வித்துட்ட" என்று எல்லோர் முன்னாலும் கத்தினாள். டேப்பை விற்றது ஸ்டுடியோக்காரர், இவளுக்கு அது தெரியாது. இவளோ சாக்கின் பக்கத்தில் உட்கார்ந்து கேமராவில் சுற்றிய பையைப் பிரித்துப் புழுதி தட்டிக்கொண்டிருந்தாள். நான் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு, அவள் காதில் விழும்படியாகவே கேப்டனிடம் சொன்னேன்: "ஆடத் தெரிஞ்சவள டேப்பு இன்னா பண்ணும்? என்ன புடிக்க முடிஞ்சுதா?"

அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. என் காலைப் பார்த்தாள். பிறகு சிரித்தாள். பொறாமைச் சிரிப்பு என்றுதான் எடுத்துக்கொண்டேன், இத்தனை வருஷமாக அதை மறக்கவில்லை.

அதற்கப்புறம் நான் கல்லூரி, கல்யாணம், வேலை என்று போய்விட்டேன். அவள் ஓசூர் பக்கம் வாழ்க்கைப்பட்டுப் போனாள். நாங்கள் ஆடிய மனையில் அடுக்குமாடி வந்துவிட்டது, அதன் வழியாகத்தான் தினமும் ஸ்கூட்டியில் போகிறேன். அவளை மறந்துவிட்டதாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

போன வருஷம் ஸ்டுடியோக்காரர் கடையை மூடினார். அவருடைய மருமகன் ஐ.டி.யில் வேலை பார்க்கிறவர், பரணில் இருந்த கபடி டேப்புகளை எல்லாம் கம்ப்யூட்டரில் ஏற்றி யூடியூபில் போட்டுவிட்டார். அவ்வளவுதான், பிடித்துக்கொண்டது. டிவியில் வருகிற கபடிப் போட்டிகளில் இன்றைக்குத் தரையோடு தரையாகக் கேமரா வைக்கிறார்களே, இதை அன்றைக்கே மணல் சாக்கை வைத்துச் செய்திருக்கிறாள் ஒரு பெண், அவளே ஆடிக்கொண்டும் இருந்திருக்கிறாள் என்று எழுதினார்கள். முன்னோடி என்றார்கள். ஒரு சேனலிலிருந்து ஓசூருக்கே போய் அவளைப் பேட்டி கண்டார்கள். தலை நரைத்திருந்தது. பேட்டி எடுத்த பெண்ணின் ஷூவைப் பார்த்துக்கொண்டே பதில் சொன்னாள்.

என் பள்ளிக்கூடத்துக் கபடிப் பெண்களுக்கு அந்தப் படங்கள் என்றால் உயிர். கறுப்புக் கயிறு அக்கா என்று கேப்டனுக்கு ரசிகர் மன்றம் வைக்காத குறை. ஒருநாள் ஒரு பெண் போனை நீட்டி, "மிஸ், இந்த டீம்லதான் நீங்க இருந்தீங்களா? நீங்க எங்க மிஸ்?" என்று கேட்டாள். ஓட்டிக் காட்டினேன். திரையில் வாய் கோணிய ஒரு முகம் வந்து போயிற்று. பிள்ளைகள் சிரிப்பை அடக்கிக்கொண்டார்கள். "நல்லா பாடறீங்க மிஸ்" என்றாள் ஒருத்தி. அந்த அணியின் சிறந்த ரைடர் நான்தான் என்று சொன்னேன். சரி மிஸ் என்றார்கள். வீட்டில் பெரியவர்கள் பழைய கதை சொன்னால் சொல்கிற சரி.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஷூவைக் கழற்றினேன். சுடிதாரை இழுத்துச் செருகினேன். நாலு பெண்களை எதிரே நிற்க வைத்து, ஒருத்தியிடம் போனைக் கொடுத்து, தரையில் படுத்துக் காலை மட்டும் எடு, ஸ்லோ மோஷனில் எடு என்றேன். முட்டி இரண்டும் கெஞ்சின. ஆனாலும் பாடிக்கொண்டு போனேன். இடது பக்கம் காட்டி வலது பக்கம் பாய்ந்து ஒருத்தியைத் தொட்டேன், இன்னொரு தடவை போய் இன்னொருத்தியைத் தொட்டேன். பிள்ளைகள் உண்மையாகவே கைதட்டினார்கள். இனிமேல் பார்க்கட்டும் என்று மூச்சு வாங்கிக்கொண்டே போனை வாங்கினேன்.

என் காலை நான் பார்த்தது, அந்தச் சீமந்தத்தில் அழிந்துபோன டேப்புக்குப் பிறகு, அதுதான் முதல் தடவை.

வலது பக்கம் பாய்வதற்கு முன்னால் என் இடது குதிகால் மேலே எழும்புகிறது. கொஞ்சம்தான். எழும்பி, ஒரு கணம் நின்று, பிறகுதான் நான் கிளம்புகிறேன். இடது பக்கம் போகும்போது அது எழும்பவில்லை. அடுத்த தடவையும் ஓட்டிப் பார்த்தேன். அப்படியேதான். பக்கத்தில் கூடி நின்ற பிள்ளைகள் சூப்பர் மிஸ் என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் கண்ணில் அது படவில்லை. நான் போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனேன். என் குதிகாலைப் பார்த்தால் நான் எந்தப் பக்கம் போகப்போகிறேன் என்று எந்தக் கார்னரும் சொல்லிவிடலாம். ஒருத்தி சொல்லிக்கொண்டுதான் இருந்தாள். மண்ணில் படுத்துக்கொண்டு, கணுக்காலைப் பிடித்தபடி, கிளம்பிட்டியா என்று.

அன்று சாயங்காலம் வீட்டில் உட்கார்ந்து அந்தப் பழைய படங்களை மறுபடியும் போட்டுப் பார்த்தேன். நான் வந்தபோதெல்லாம் கேமரா அவசரமாக மேலே ஏறியது. அவள் ஆடப் போனபோதெல்லாம் கேமரா நான் போகாத பக்கமாகத் திரும்பி இருந்தது. சிட்டிக்காரிகள் உட்கார்ந்து படித்த டேப்புகள் இவைதான். எல்லோர் காலையும் படித்தார்கள். படிக்க என் கால் அதில் இல்லை. மாஸ்டர் பார்த்திருந்தால் என்னிடமும் சொல்லியிருப்பார். அவர் பார்க்கவும் அவள் விடவில்லை. என் கோப்பை, என் கல்லூரி, முகப்பேரில் என் மேஜை, எல்லாம் அந்தக் கேமரா மேலே ஏறியதில் இருந்தது. இதைப் புரிந்துகொண்டபோது எனக்கு நன்றி வந்ததா என்றால், அப்புறம்தான் வந்தது. முதலில் வந்தது எரிச்சல். என் காலைப் பற்றி என்னைவிட அவளுக்கு அதிகம் தெரிந்திருக்கிறது.

ஸ்டுடியோக்காரரின் மருமகனிடம் நம்பர் வாங்கிப் போன் செய்தேன். சமையலறையில் நின்றுகொண்டுதான் பேசினேன். நான்தான் என்றேன். அந்தப் பக்கம் ஏதோ மெல்லுகிற சத்தம் கேட்டது. நலம் விசாரிக்க எனக்குப் பொறுமை இல்லை.

"ஏன்டி எங்கிட்ட சொல்லல?"

எதை என்று அவள் கேட்கவில்லை.

"எடது குதிகாலா?" என்றாள். "இப்பதான் பாத்தியா?"

நான் அடுப்பை அணைத்தேன். அவளே சொன்னாள். "சொல்லியிருந்தா சாந்தி மாரி ஆயிருப்ப. காலயே பாத்துகினு நடுவுல நின்னுருப்ப. நீ தெரியாம ஆடனதாலதான் ஆடன."

அந்தச் சீமந்தம் என்று கேட்டேன். வேண்டுமென்றுதான் எடுத்தாளாம், அதில் குதிகால் பளிச்சென்று விழுந்திருந்ததாம், ரெண்டாவது தடவை போட்டால் மாஸ்டர் கண்டுபிடித்திருப்பாராம். அப்படியானால் அம்மி மிதித்தது என்றேன். அங்கே எந்தக் கார்னர் நின்றாள்?

சிரித்தாள். "அது வேணும்னு இல்லடி. கை பழகிடுச்சு. உன் கால பாத்தாலே கேமரா தன்னால மேல ஏறிடும்."

எனக்குக் கோபம் பாதி போய்விட்டது. அதை அவளிடம் காட்டிக்கொள்ள விருப்பமில்லை. அதனால் கோபமாகவே கேட்டேன், என் நல்லதுக்காகத்தான் இத்தனையும் செய்தாயா என்று.

இன்னொரு கடலையை உடைக்கிற சத்தம் கேட்டது. "முழுசா அப்டி சொல்ல முடியாது" என்றாள். "கப்பு, கைத்தட்டு எல்லாம் உனுக்குத்தான். ஆனா உன்ன புடிக்க இந்த ஊர்லயே என்னால மட்டும்தான் முடியும். அத நான் ஏன் இன்னொருத்திக்கு வுட்டுக்குடுக்கணும்?"

இருபத்தைந்து வருஷத்துக்கு மேலாக நான் மட்டும்தான் எரிந்துகொண்டிருந்தேன் என்று நினைத்திருந்தேன். எனக்குச் சிரிப்பு வந்தது. அவளும் சிரித்தாள்.

"இப்பவும் குதிகால தூக்கறியா?" என்றாள்.

அவளிடம் தோற்க எனக்கு இஷ்டமில்லை. இன்று வரைக்கும் இல்லை. அதெல்லாம் எப்போதோ சரி பண்ணிவிட்டேன், இப்போது என் கால் தரையை விட்டு அசையாது என்று ஒரு பொய்யைக் கூசாமல் சொன்னேன்.

"பொய்யி" என்றாள் அவள், கடலையை வாயில் போட்டுக்கொண்டே. "இதோ, இப்பகூட தூக்கிகினுதான் நிக்கற."

குனிந்து பார்த்தேன். தூக்கிக்கொண்டுதான் நின்றிருந்தேன்.